மெல்பர்ன் திரையில் ஒரு சுவீடன் படகோட்டி

1975 ஆகஸ்ட். வெள்ளிக்கிழமை காலை எட்டு மணிக்கு சிட்னியில் பகல் ரயில் ஏறினோம். மெல்பர்னுக்குத் தொள்ளாயிரத்து அறுபது கிலோமீட்டர். உடன் வந்தவர் அஸ்ட்ரிட் அம்மாள். என் மகளின் பக்கத்து வீட்டுக்காரர், சுவீடனில் பிறந்தவர், எழுபதை நெருங்குபவர். "அவங்களைத் தனியா அனுப்பக் கூடாதுப்பா, நீங்க துணைக்குப் போங்க" என்று மகள் என்னைத் தள்ளிவிட்டாள். மதுரையில் முப்பது வருஷம் தியேட்டர் ஆபரேட்டராக இருந்தவன் நான். படம் பார்க்கப் போகிறவருக்குத் துணை போகக் கசக்குமா என்ன!

அஸ்ட்ரிட் அம்மாளின் அப்பா பேசாத படக் காலத்து நடிகர். அவர் நடித்த படமொன்றை மெல்பர்னின் புறநகரான கிளேட்டனில் உள்ள பல்கலைக்கழகத்து மாணவர்கள் சனிக்கிழமை திரையிடுகிறார்கள். அவருடைய அம்மா கடுமையான கிறிஸ்தவ சபைக்காரி, சினிமாக் கொட்டகைப் பக்கமே விடவில்லை. அதனால் அஸ்ட்ரிட் அம்மாள் இதுவரை அப்பாவைத் திரையில் பார்த்ததே இல்லை.

மாநில எல்லையிலுள்ள ஆல்பரி தாண்டும்வரை ஜன்னலில் ஆடும் புல்லும்தான். நாற்பது சென்ட் கொடுத்து வாங்கிய தேநீர் வெறும் வெந்நீர். அதைக் குடித்தபடி அப்பாவின் கதையைச் சொன்னார். நாடகத்தில் தொடங்கி முப்பதுக்கு மேற்பட்ட படங்கள். பாதிரியார், போலீஸ்காரர், கெட்ட செய்தி கொண்டுவரும் டாக்டர், படகோட்டி. ஒன்றில்கூடக் கதாநாயகன் இல்லை. படம் பேசத் தொடங்கியதும் அவருடைய வட சுவீடன் வட்டாரப் பேச்சு எடுபடவில்லை. கடைசியில் துறைமுக ஆபீஸில் குமாஸ்தா.

"நல்லா நடிப்பாரா?" என்று என் ஓட்டை ஆங்கிலத்தில் அசட்டுத்தனமாகக் கேட்டுவிட்டேன்.

"கோமாளி என்பாள் அம்மா. அது உண்மையா என்று பார்க்கத்தான் போகிறேன்" என்றார்.

சனிக்கிழமை பகல் இரண்டு மணி. நகரத்திலிருந்து இருபது கிலோமீட்டர் வந்திருந்தோம். அரங்கில் நாற்பது மாணவர்கள் இருப்பார்கள். புரொஜெக்டரை ஓட்டியவர் கணேசன் என்ற யாழ்ப்பாணத்து ஆராய்ச்சி மாணவர். "அவவை முன் கதிரையில இருத்துங்கோ அங்கிள், நான் மெஷினடியில நிக்கிறன்" என்றார்.

படத்தில் அஸ்ட்ரிட் அம்மாளின் அப்பா படகோட்டி. கடலில் இறந்தவனின் உடலைக் கரைக்குக் கொண்டுவந்து மனைவியிடம் சேர்க்க வேண்டும். ஆனால் திரையில் மனிதர் படியில் துள்ளித் துள்ளி ஏறினார். ஈ ஓட்டுகிறவர்போல் தொப்பியைப் பிடுங்கினார். கோழி கொத்துவதுபோல் தலை குனிந்தார். அரங்கம் கொல்லென்று சிரித்தது. அஸ்ட்ரிட் அம்மாள் கைப்பையை எடுத்துக்கொண்டு வெளியே போய்விட்டார்.

மெஷினுக்கு ஓடினேன்.

"நிறுத்துப்பா! பேசாத படத்தைப் பேசுற படத்து வேகத்துல ஓட்டுறியே, அறிவிருக்கா?"

"ஐயோ அங்கிள், நான் எல்லாப் படத்தையும் இப்பிடித்தான் ஓட்டுறனான்!"

அந்தக் காலத்தில் நொடிக்குப் பதினாறு ஃபிரேம் என்ற கணக்கில் எடுத்தார்கள். இவர் இருபத்து நாலில் ஓட்டியதால் எல்லாம் ஒன்றரை மடங்கு வேகமாகிவிட்டது. பக்கத்திலிருந்த சுவிட்சை மாற்றி, முதலிலிருந்து சுற்றச் சொல்லிவிட்டு வெளியே போனேன். அஸ்ட்ரிட் அம்மாள் குளிரில் டாக்சிக்காக நின்றுகொண்டிருந்தார்.

"தப்பு உங்க அப்பா மேல இல்லம்மா. ஓட்டினவங்க மேல."

"எனக்காகப் பொய் சொல்லாதீர்கள்."

"என் தொழில் மேல சத்தியம். வந்து பாருங்க."

வந்தார். இந்த முறை படகோட்டி பாரத்தோடு படியேறினார். தொப்பியைக் கழற்றினார். அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்க்க முடியாமல் தொப்பியையே பார்த்துக்கொண்டு நின்றார். அவ்வளவுதான், அரை நிமிடம். கதாநாயகி முன்னால் விழுந்து அழுகிறாள்; எல்லாக் கண்ணும் இவர் மேல்தான். ஒருவரும் சிரிக்கவில்லை.

"ஆஸ்திரேலியாவுக்குக் கப்பல் ஏறும்போது, நீங்கள் வெறும் கோமாளி என்று அப்பா முகத்துக்கு நேரே சொன்னேன்" என்றார் அஸ்ட்ரிட் அம்மாள், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "'இருக்கலாம்' என்றார். அதுதான் கடைசிப் பேச்சு."

திங்கட்கிழமை காலை சிட்னிக்குத் திரும்பும் ரயில். அவர் நிம்மதியாக ஜன்னலில் பார்த்துக்கொண்டு வந்தார், எனக்குத்தான் இருப்புக் கொள்ளவில்லை. பதினேழு வயதில் டூரிங் கொட்டகையில் பேசாத படங்களைக் கையால் சுற்றி ஓட்டியவன் நான். சீக்கிரம் முடித்துவிட்டு வீட்டுக்குப் போய்ச் சாப்பிட வேண்டும் என்று வேகமாகச் சுற்றுவோம். ஜனங்கள் சிரிப்பார்கள், படம் பிடித்துப்போய்ச் சிரிக்கிறார்கள் என்று நினைத்துக்கொள்வோம். யார் யாரையெல்லாம் கோமாளி ஆக்கினேனோ!

இதைச் சொல்லிவிடலாம் என்று வாயெடுத்தேன். அதற்குள் அவர் என் வலது கையைத் தம் இரு கைகளாலும் பிடித்துக்கொண்டு நன்றி சொன்னார். அந்தக் கையால்தான் சுற்றினேன்.