சந்திரன் பெயரில் வந்த ரத்தம்

"நீங்கதான் சந்திரனா?" என்று கேட்டேன். "ஆமா மிஸ்ஸி" என்று அவன் ஊசிக்குக் கையை நீட்டினான். என் வேலைக் காலத்தில் நான் செய்த மிக மோசமான தவறு அந்தக் கேள்விதான்.

எண்பதுகளில் கோலாலம்பூரில் ஒரு குரோமோசோம் லேபில் இருந்தேன். ரத்தத்தை மூன்று நாள் இன்குபேட்டரில் வளர்ப்போம். ஸ்லைடில் சாயம் ஏற்றி, மைக்ராஸ்கோப்பில் படம் பிடித்து, படத்திலிருந்து நாற்பத்தாறு குரோமோசோம்களையும் கத்தரிக்கோலால் வெட்டி, ஜோடி ஜோடியாகத் தாளில் ஒட்ட வேண்டும். மின்விசிறி போட முடியாது. தும்மினால் போச்சு. அந்த வேலையில் எனக்கு ஒருநாளும் எரிச்சல் வந்ததில்லை. எரிச்சலெல்லாம் ஆட்களிடம்தான். பிள்ளை இல்லை என்றால் மனைவி மட்டும் வருவாள். புருஷன் எங்கே என்றால் ஷா ஆலம் பேக்டரியில் ஓவர்டைம். மாமியார் மட்டும் தவறாமல் வந்துவிடுவார்.

லெட்சுமி கிள்ளானிலிருந்து வந்தாள். மூன்று முறை கரு கலைந்திருந்தது. அவளை வைத்துக்கொண்டே மாமியார் சொன்னார்: "இவ ரத்தத்துல கோளாறுன்னு எழுதிக் குடுத்தீங்கன்னா, டெங்கில்ல அவ அப்பா வீட்டுல விட்டுட்டு வேற பொண்ணு பாக்கணும்."

"இது யார் தப்பும் இல்லம்மா. ரெண்டு பேர் ரத்தமும் வேணும், அவ்வளவுதான்" என்றேன்.

"அவனுக்கு ஒண்ணும் இல்ல லா. ஆம்பள."

ஒரு வாரம் கழித்து மாமியார் மகனைக் கூட்டிக்கொண்டு வந்தார். அன்றுதான் நான் அந்தக் கேள்வியைக் கேட்டேன்.

லெட்சுமியின் ரத்தத்தில் ஒரு குறையும் இல்லை. சந்திரன் பெயர் போட்ட டியூபில்தான் நான் நின்றுவிட்டேன். நான்காவது குரோமோசோமின் நுனி பன்னிரண்டில் ஒட்டியிருந்தது. பன்னிரண்டின் நுனி நான்கில். மறுபடி மறுபடி பார்த்தேன், எல்லா செல்லிலும் அப்படித்தான். எதுவும் தொலையவில்லை, இடம்தான் மாறியிருக்கிறது. அதனால் ஆளைப் பார்த்தால் ஒன்றும் தெரியாது. பிள்ளைக்குப் பங்கு போகும்போதுதான் சிக்கல். ஒரு துண்டு கூடியும் இன்னொன்று குறைந்தும் போகிற கரு பெரும்பாலும் தங்காது.

ரிப்போர்ட் சொல்லும் நாளில் மூன்று பேரும் வந்தார்கள். சந்திரனின் முகம் வேறு மாதிரி இருப்பதாகப் பட்டது. நாளெல்லாம் எத்தனையோ முகம் பார்க்கிறவள், அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. டாக்டர் ஒரு சீனர், தமிழ் தெரியாது. "யூ எக்ஸ்ப்ளேன் லா, உன் ஆட்கள்தானே" என்று வழக்கம்போல என் தலையில் கட்டினார். சந்திரனின் ரத்தத்தில் இருப்பதை நான் தமிழில் சொல்லி முடித்தேன்.

மாமியார் கேட்டார்: "அது எப்படி மிஸ்ஸி? அவனுக்குத்தான் ரெண்டு பிள்ள இருக்கே."

"யாருக்கு?"

"சின்னவனுக்கு. குமாருக்கு."

சொன்ன பிறகுதான் அவருக்கு உறைத்தது. ஆனாலும் விடவில்லை. "பெரியவனுக்கு ஊசின்னா பயம். லீவும் கெடைக்கல. அண்ணன் தம்பி ஒரே ரத்தம்தானே. பிள்ள பெத்தவன் ரத்தம் நல்லா இருக்கும்னு இவன கூட்டிட்டு வந்தேன்."

எனக்குக் கத்த வேண்டும்போல இருந்தது. நல்ல ரிப்போர்ட் வாங்கி மருமகளை அனுப்பிவைக்க ஒருவர் திட்டம் போட்டிருக்கிறார், அதற்கு நான் டியூபில் லேபிள் ஒட்டிக் கொடுத்திருக்கிறேன். லெட்சுமி தலையை நிமிர்த்திப் புருஷனைப் பார்த்தாள். சந்திரன் சுவரிலிருந்த காலண்டரைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

அங்கேயே சந்திரனின் அடையாள அட்டையை, ஐசியை, வாங்கிப் பார்த்து, அவன் ரத்தத்தை எடுத்தேன். அவனுக்கும் அதே நான்கு, அதே பன்னிரண்டு. அண்ணன் தம்பி இருவருக்கும் இருந்தால் பெற்றவர்களில் ஒருவரிடமிருந்து வந்திருக்க வேண்டும். அப்பா இறந்துவிட்டார். டாக்டர் அம்மாவின் ரத்தத்தைக் கேட்டார். வரமாட்டார் என்றுதான் நினைத்தேன். தனியாக வந்தார்.

ஊசி ஏறும்போது சொன்னார்: "எனக்கும் நாலு கலைஞ்சிருக்கு. எங்க மாமியா என்னத்தான் ஏசுவாங்க."

"அப்பறம் நீங்க ஏன் லெட்சுமிய ஏசுனீங்க?"

பஞ்சை அழுத்திக்கொண்டு கிளம்பினார். அவர் ரத்தத்திலும் அதே ஒட்டு. ரிப்போர்ட்டைக் கேட்டுவிட்டு, "அப்ப என் தப்பா மிஸ்ஸி?" என்றார்.

"யார் தப்பும் இல்லம்மா" என்றேன், பல்லைக் கடித்துக்கொண்டு. அதே வார்த்தையை முதல் நாளே சொன்னேன், அப்போது காதில் ஏறவில்லை. "உங்களுக்கு ரெண்டு தங்கலயா? அவங்களுக்கும் தங்கலாம்."

"நானே அவகிட்ட சொல்றேன்" என்று எழுந்து போனார்.

இப்போது லேபில் சேரும் பிள்ளைகளுக்கு ஒன்று சொல்கிறேன். "நீங்கதான் இன்னாரா?" என்று கேட்காதீர்கள், யாரும் தலையாட்டுவார்கள். பெயரை அவர்கள் வாயால் சொல்லச் சொல்லுங்கள். ஐசியைப் பார்க்காமல் ஊசியைத் தொடாதீர்கள். எனக்கு இது புத்தகத்தில் வரவில்லை, லெட்சுமியிடமிருந்து வந்தது.

எல்லாம் முடிந்து சில நாளில் அவள் தன் ரிப்போர்ட்டுக்கு ஒரு நகல் கேட்டு வந்தாள். மாமியார் பேசினாரா என்று கேட்டேன்.

"பேசுனாங்க. அழுதாங்க. டெங்கிலுக்கெல்லாம் போக வேணாம்னாங்க."

"நல்லதாப் போச்சு."

"நாந்தான் போறேன்னுட்டேன்."

"அவர் ரத்தம் அப்படி இருக்குங்கறதுக்காகவா?"

"அதுக்கு அவர் என்ன பண்ணுவாரு மிஸ்ஸி" என்று நகலை மடித்துப் பைக்குள் வைத்தாள். "எனக்கு எத்தன ஊசி. அவருக்கு ஒண்ணே ஒண்ணுதான். அதுக்கும் தம்பிய அனுப்புனாரு."