தாலிகட்டுக்கு இரண்டு சோப்பிலா

அக்காவின் கல்யாணத்துக்குப் பேசிவைத்த மேளக்காரருக்கு அதே முகூர்த்தத்தில் ஜெனீவாவில் பெரிய இடத்துக் கல்யாணம் அகப்பட்டுவிட்டது. வரமுடியாது என்று ஒரு வொய்ஸ் மெசேஜ், அவ்வளவுதான். பெர்னில் மண்டபம், பூ, சாப்பாடு எல்லாவற்றையும் பொறுப்பெடுத்திருந்த மாமா கலங்கவேயில்லை.

"பென்டிரைவிலை மேளம் கிடக்கு. ஸ்பீக்கரிலை போட்டால் காணும்."

அக்கா அழுதுவிட்டாள். ஆள் ஊதாமல் தன் கழுத்தில் தாலி ஏறக்கூடாது என்று ஒரே பிடியாக நின்றாள்.

எனக்கு உடனே சோப்பிலாதான் ஞாபகம் வந்தது. ஃப்ரிபூர்க்கில் என்னோடு படிக்கும் குரோவேசியத் தோழியும் அவளுடைய அப்பாவும் அதை ஊதுவார்கள். மரக்குழல், ஊதும் நுனியில் நாதஸ்வரத்துக்குப் போலவே சீவாளி, அடியில் விரிந்த வாய். பெரியது ஒன்று, சிறியது ஒன்று, எப்போதும் சோடியாகத்தான். இரண்டின் சுரமும் ஒன்றையொன்று உரசிக்கொண்டே போகும். முதலில் கேட்டபோது எனக்குப் பல் கூசியது. பிறகு பைத்தியமே பிடித்துவிட்டது.

கல்யாணத்துக்கு முதல்நாள் இருவரையும் மண்டபத்துக்குக் கூட்டிப்போனேன். மாமா கைகட்டி நின்று கேட்டார். ஒரு கீர்த்தனையைக்கூட முழுதாக இருந்து கேட்டிராத மனிதர். முகத்தில் மட்டும் கச்சேரி முன்வரிசைக் களை. ஃபோனில் சுருதிப்பெட்டியை ஓடவிட்டு அவர்கள் மூக்குக்கு முன்னால் நீட்டினார்.

"பிள்ளை, ரெண்டு பேரும் ரெண்டு பக்கம் இழுக்கினம். சுருதியிலை நிக்கச் சொல்லும்."

"மாமா, அவையின்ர இசை அப்பிடித்தான்."

"அதென்ன அப்பிடி? சரி, அந்தச் சின்னனை நிப்பாட்டும். தகப்பன் தனிய ஊதட்டும்."

பிரெஞ்சில் சொன்னேன். தோழியின் அப்பா சீவாளியைக் கழற்றிப் பெட்டியில் வைத்தார். தனியாக ஊதும் வழக்கமில்லை என்று மரியாதையாகச் சொன்னார்.

"தனிய ஊதத் தெரியாதவையை ஏன் கூட்டிக்கொண்டு வந்தனீர்?" என்றார் மாமா.

ஒற்றைச் செருப்போடு நடக்கச் சொல்லிவிட்டு, நடக்கத் தெரியவில்லையே என்று உச்சுக்கொட்டுகிற புத்தி. பென்டிரைவை மேளம் என்று நம்பும் காதுக்கு நான் எதை விளக்குவது?

மருதாணிக் கைகளைத் தூக்கிப் பிடித்தபடி அக்கா வந்தாள்.

"மாமா, தாலி கட்டேக்கை கெட்டிமேளம் எதுக்கு?"

"தும்மல், அழுகை, அபசகுனமா ஒண்டும் காதிலை விழக்கூடாது."

"அப்ப சத்தம்தானே வேணும்? இவையைவிடச் சத்தம் உங்கட பென்டிரைவிலை இருக்கோ?"

"அதெண்டாலும், சுருதி எண்டு ஒண்டு..."

"ரெண்டு பேரும் ஊதுவினம். இல்லாட்டி நான் மணவறைக்கு வாறேல்லை."

மாமா என்னைத்தான் முறைத்தார்.

மறுநாள் ஐயர் விரலை உயர்த்தினார். நான் தலையசைத்தேன். இரண்டு சோப்பிலாவும் சேர்ந்து வீறிட்டன. பிள்ளைகள் காதைப் பொத்தினார்கள். அக்கா சிரித்தபடியே குனிந்து கழுத்தை நீட்டினாள். மணவறைக்குப் பக்கத்தில் நின்ற மாமா என்னைப் பார்த்துக் கையை ஆட்டி ஆட்டி ஏதோ கத்தினார். வாய் அசைவது தெரிந்தது. ஒரு சொல்லும் கேட்கவில்லை.