மேளம் இல்லாமல் எடுத்த தீச்சட்டி

மலாயாவில், பீடோர் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் நான் பால்மரம் வெட்டிப் பால் எடுத்த காலத்தில், எங்கள் லயத்து வரிசை வீடுகளில் யாருக்காவது அம்மை போட்டால் என்னைத்தான் கூப்பிடுவார்கள். புருஷன் காய்ச்சலில் போய்விட்டார், பிள்ளையும் இல்லை. தாலி அறுத்தவளுக்கு இனி என்ன வந்துவிடப்போகிறது என்று எல்லோருக்கும் ஒரு தைரியம். அம்மை கண்ட உடம்பில் அம்மனே இறங்கியிருக்கிறாள் என்பார்கள். அவளுக்கு வேப்பிலையால் விசிறுவதும், மஞ்சள் அரைத்துப் பூசுவதும், முத்து இறங்கியபின் தலைக்குத் தண்ணீர் ஊற்றுவதும் என் வேலை.

ஒரு வருஷம் எங்களை வேலை வாங்கும் கங்காணியின் மகளுக்கே போட்டது. இமையெல்லாம் முத்து, குழந்தை கண்ணைத் திறக்கவில்லை. "திறந்துவிட்டால் தீச்சட்டி எடுக்கிறேன் தாயே" என்று பாய் ஓரத்தில் உட்கார்ந்தபடியே நேர்ந்துகொண்டேன். திறந்தாள்.

அம்மன் திருவிழா அன்று ஈர மஞ்சள் சேலையோடு தோட்டத்துக் கோயில் வாசலில் போய் நின்றேன். அங்கே எல்லாம் கங்காணி வைத்ததுதான் சட்டம்.

"நீ எங்க வந்த? சுமங்கலிங்க எடுக்குற சட்டி இது. அறுத்தவ முன்னால வந்தா தோட்டத்துக்கு ஆகுமா?"

"அவ கையில நெருப்பக் குடுத்தா கோயிலே பத்திக்கும் கங்காணியாரே!" என்று மேளக்காரர் ஒருவர் சொல்ல, நாலைந்து பேர் சிரித்தார்கள்.

கூட்டத்தில் எனக்கு வாய் எழாது. காலைப் பெரட்டில் வரிசையாக நிறுத்திப் பேர் கூப்பிட்டால்கூடத் தலையைத்தான் ஆட்டுவேன். அன்று என்னவோ கால் பின்வாங்கவில்லை.

"உங்க வீட்டுல ஆத்தா வந்து படுத்திருந்தப்ப நாந்தானே தொட்டுக் கழுவுனேன்? அப்ப ஆகுன கை, அவ கல்லா உக்காந்திருக்கையில மட்டும் ஆகாதா?"

"வாயப் பாரு! நாளைக்குப் பெரட்டுக்கு வருவேல்ல?"

"வருவேன்."

உள்ளங்கையில் வேப்பிலையை அடுக்கி, சட்டியை நானே தூக்கினேன். கங்காணி கை காட்டியதும் மேளம் நின்றது. நான் நிற்கவில்லை. சிவப்பு மண் பாதையில் என் காலடிச் சத்தம் எனக்கே கேட்டது. கங்காணியும் திட்டிக்கொண்டே பின்னால் வந்தார்.

லயத்து முனையில் அவர் மனைவி மஞ்சள் தண்ணீர்க் குடத்தோடு நின்றாள். புருஷனை ஒருமுறை பார்த்தாள். பிறகு என் காலில் ஊற்றிவிட்டுக் குலவையிட்டாள். வாசலுக்கு வாசல் பெண்கள் அதை வாங்கிக்கொண்டார்கள். மேளம் யாருக்கு வேண்டும்!

மறுநாள் பெரட்டில் கங்காணி எனக்கு மேட்டு மர நிரையை ஒதுக்கினார். அங்கே அட்டை அதிகம், பால் குறைவு. உளியையும் வாளியையும் எடுத்துக்கொண்டு ஏறினேன்.

அடுத்த திருவிழாவுக்கும் அந்த மேட்டிலிருந்துதான் இறங்கி வந்தேன். நேர்த்திக்கடன் எதுவும் பாக்கி இல்லை. ஆனாலும் சட்டியை எடுத்தேன்.