தமுக்கு ஏறாத மலை

கோர்ட்டில் பொய் சொன்னால் கண் அவிந்துபோகும் என்பது போடியில் எங்கள் தெருப் பிள்ளைகள் எல்லாருக்கும் தெரியும். அப்படியிருந்தும் என் அத்தை ஜட்ஜ் முகத்துக்கு நேரே ஒரு பெரிய பொய்யைச் சொன்னதை, ஒன்பது வயதில், வாயைப் பிளந்துகொண்டு கேட்டேன்.

குரங்கணிக்கு மேலே தாத்தா விட்டுப்போன ஏலக்காய்த் தோட்டம் எங்களுக்கு இருந்தது. மண்டிக்காரர் ஒருவருக்கு அப்பா தர வேண்டிய கடனுக்காக அதை ஏலம் போடக் கோர்ட்டு உத்தரவிட்டது. அதற்கு முன்னால் அந்த நிலத்துக்கே போய்த் தமுக்கு அடித்துச் சொல்ல வேண்டுமாம். கோர்ட்டு அமீனாவும் தமுக்குக்காரரும் வந்த அன்று, மலையடிவாரத்து டீக்கடையில் நானும் அப்பாவோடு இருந்தேன். அவர் போகும் இடமெல்லாம் வால் மாதிரி நானும் போவேன். யாருக்கும் வளையாத அப்பா அன்று அமீனாவின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"மேல வேண்டாங்கய்யா. காய் எடுக்குற சனம் முன்னாடி தமுக்கு அடிச்சா நான் தல நிமிந்து நடக்க முடியாது. அடிச்சாச்சுன்னே எழுதிக்கங்க, கையெழுத்துப் போடுறேன்."

அமீனாவுக்கு முழங்கால் வலி போலிருக்கிறது, உடனே ஒத்துக்கொண்டார். டீக்கடை வாசலில் நாலு தட்டுத் தட்டினார்கள். படுத்திருந்த நாய் ஒன்று எழுந்து போனது. சேதி யாருக்கும் எட்டாததால் ஏலத்துக்கு ஒரே ஒருவர்தான் வந்தார். தோட்டத்தை அடிமாட்டு விலைக்கு எடுத்துக்கொண்டு போனார்.

ஏலத்தை ரத்துசெய்ய வழி உண்டா என்று அப்பா போய்க் கேட்டபோது எங்கள் வக்கீல் தலையில் கைவைத்துக்கொண்டார். "அடிச்சாச்சுன்னு நீங்களே கையெழுத்துப் போட்டுட்டு, இப்ப அடிக்கலன்னு எந்த வாயால சொல்லுவீங்க? ஆனா கடன்பட்டவருதான் ஏலத்த எதிர்க்கணும்னு இல்ல. இந்த ஏலத்தால பாத்தியதை போற யாரும் மனுப் போடலாம். அறுபது நாளுக்குள்ள போடணும். வேற யாரு இருக்கா?"

அப்பா தரையைப் பார்த்தார். அம்மாதான் மெதுவாகச் சொன்னாள்: "உங்க தங்கச்சி இருக்குல்ல."

அத்தை புருஷனை இழந்தவள். எங்கள் தோட்டத்தில் மற்றப் பெண்களோடு காய் எடுத்து, சனிக்கிழமை வரிசையில் நின்று அப்பாவிடம் கூலி வாங்குவாள். தேனி கோர்ட்டில் கூண்டேறியபோதும் அவள் விரல்களில் காய்க்கறை அப்படியே இருந்தது.

"கூலிக்கு வர்ற உங்களுக்கு அந்த நெலத்துல என்னம்மா பாத்தியதை?" என்று எதிர்வக்கீல் கேட்டார்.

"எங்கப்பன் சொத்துய்யா. எங்கண்ணனுக்கு எம்புட்டு உண்டோ, எனக்கும் அம்புட்டு உண்டு."

கூலி வாங்கும் அத்தைக்குத் தோட்டத்தில் பங்கா! எவ்வளவு பெரிய பொய்! தமுக்கு அடித்த அன்று அவள் எங்கே இருந்தாள் என்று ஜட்ஜ் கேட்டார்.

"அந்தத் தோட்டத்துலதான்யா, பொழுது சாயுற வரைக்கும் காய் எடுத்தேன். மந்தி கத்துனதுதான் கேட்டுச்சு."

ஜட்ஜ் பேனாவைக் கீழே வைத்துவிட்டு அவளையே பார்த்தார். கொஞ்ச நாளில் ஏலம் ரத்தானது. பிறகு தவணை வாங்கி, அடுத்த இரண்டு வெள்ளாமையில் அப்பா கடனை அடைத்தார்.

அன்று திரும்பும் பஸ்சில் அத்தையை ஒட்டிக்கொண்டு உட்கார்ந்தேன். எங்களுக்காகக் கண் போனாலும் போகட்டும் என்று துணிந்து பொய் சொன்னவள் அல்லவா! உலகத்தில் அவளைப்போல ஒருத்தி கிடையாது என்று தோன்றியது. அவள் கண்களையே உற்றுப் பார்த்துக்கொண்டு வந்தேன்.

"என்னாத்தா பாக்குற?"

"கண்ணு தெரியுதா அத்தை?"

அவள் சிரித்தாள்.

அந்தச் சனிக்கிழமையும் அத்தை கூலி வரிசையில் நின்றாள். அவள் முறை வந்ததும் நாற்காலியில் இருந்த அப்பா எழுந்து நின்று கொடுத்தார். வாங்கி முந்தானையில் முடிந்துகொண்டு போனாள். அத்தைக்கு ஏன் கண் போகவில்லை என்று நான் பல நாள் யோசித்தேன். அவள் பொய்யே சொல்லவில்லை என்பது, அப்பா காலமான பின் தாத்தா எழுதிவைத்த பத்திரத்தைப் பிரித்துப் படித்தபோதுதான் தெரிந்தது. அதுவரைக்கும் அத்தை கூலிதான் வாங்கிக்கொண்டிருந்தாள்.