தம்பிக்காகச் சொன்ன சாட்சி

நீர்வேலியில் வாழைத்தோட்டத்துக்குப் போகிற ஆம்பிளைகள் இடுப்பில் சாரக்கட்டில் ஒரு கத்தியைச் செருகிக்கொண்டுதான் போவார்கள். காய்ந்த இலை வெட்ட, பொத்தி முறிக்க, குட்டி கழிக்க என்று அது இல்லாமல் ஒரு வேலையும் நடக்காது. எங்கள் ஊரில் பால்குடிப் பிள்ளைக்கும் தெரிந்த விஷயம் இது. நீதிமன்றத்தில் எனக்கு மட்டும் மறந்துபோனது. இல்லை, மறக்கவில்லை. மறைத்தேன்.

என் தம்பி பக்கத்துத் தோட்டக்காரரை வெட்டினான். அவர் எங்களுக்குத் தூரத்து உறவு. எல்லைவேலிக் கதியால் தடிகளை ஒரு முழம் தள்ளி நட்டதில் தொடங்கிய வாய்ச்சண்டை. அவர் மண்வெட்டியைத் தூக்கினார், இவன் இடுப்பில் இருந்ததை உருவினான். ஒரே ஒரு வெட்டு, கழுத்தில். செத்தவரின் மனைவி சத்தம் கேட்டு ஓடிவந்து கடைசியை மட்டும் கண்டவர். கிணற்றடியில் உடுப்புத் தோய்த்துக்கொண்டிருந்த நான்தான் முழுவதையும் பார்த்தேன். கண்ணை மூடித் திறப்பதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது.

யாழ்ப்பாணத்தில் நடந்த விசாரணையில் தம்பி கூண்டில் நின்று உள்ளதை உள்ளபடி சொன்னானாம். கத்தி வழமைபோல இடுப்பில் இருந்தது, கோபத்தில் கை அதற்குப் போய்விட்டது என்று. அது என் காதில் விழவில்லை. சாட்சி சொல்ல வருகிறவர்களை வெளியே மர வாங்கில் இருத்திவிடுவார்கள். பிறகுதான் தம்பி தரப்புச் சாட்சியாக என்னைக் கூப்பிட்டார்கள். அரச தரப்புச் சட்டத்தரணி குறுக்குக் கேள்வி கேட்டார்.

"சண்டைக்குப் போகேக்கை உங்கடை தம்பியிட்டைக் கத்தி இருந்ததோ?"

ஓம் என்றால் கொல்லவே போனான் என்று முடிவு கட்டிவிடுவார்களே!

"இல்லை ஐயா. அவன் வெறுங்கையோடைதான் போனவன்."

"அப்ப கத்தி எங்கையிருந்து வந்தது?"

"வீட்டை போய் எடுத்துக்கொண்டு வந்திருப்பான்."

அந்த வாயை அன்றைக்கே தைத்திருக்க வேண்டும்.

மரண தண்டனை விதித்தார்கள். கொழும்பில் மேன்முறையீடு செய்தோம். எங்கள் சட்டத்தரணி ஓர் இளம் தமிழ்ப் பெண், பொறுமைசாலி. வெட்டியது யார் என்பதில் வழக்கே இல்லை, என்ன எண்ணத்தோடு வெட்டினார் என்பதுதான் வழக்கு என்று விளங்கப்படுத்தினார். ஒருவரின் மனதுக்குள் புகுந்து பார்த்த சாட்சி எங்கேயும் கிடையாது. அதனால் ஆயுதம் என்ன, வெட்டு எங்கே விழுந்தது, யோசிக்க நேரம் இருந்ததா என்றெல்லாம் பார்த்துத்தான் எண்ணத்தைக் கணிப்பார்களாம். திடீர்ச் சண்டையில் இடுப்பில் இருந்ததை உருவியிருந்தால் குற்றம் குறைந்திருக்கும், என்றைக்காவது வெளியே வந்திருப்பான். வீட்டுக்குப் போய் எடுத்து வந்தால் அது திட்டமிட்ட கொலை.

"நான் வந்து உண்மையைச் சொல்லுறன், பிள்ளை," என்றேன்.

"அங்கை சாட்சியைக் கூப்பிட்டுக் கேக்கமாட்டினம், அக்கா. எழுதிக் கிடக்கிறதைத்தான் வாசிப்பினம். நீங்கள் இப்ப மாத்திச் சொன்னால், தம்பியைக் காப்பாத்தப் பொய் சொல்லுறியள் எண்டுதான் நினைப்பினம்."

காப்பாற்றச் சொன்ன பொய்யை நம்பினார்கள். உண்மையைச் சொன்னால் அதுதான் பொய்யாம். யாரைப் போய்த் திட்டுவது?

தீர்ப்பு நாளில் கடைசி வாங்கில் இருந்தேன். எல்லாம் ஆங்கிலம். முடிந்த பிறகு சட்டத்தரணி சொல்லித்தான் விளங்கியது. வழக்கைக் கேட்ட இரண்டு நீதிபதிகளும் பொல்லாதவர்கள் என்று சொல்ல எனக்கு ஆசைதான், ஆனால் முடியவில்லை. ஒரே வெட்டுத்தான் என்பதை அவர்கள் கவனித்திருந்தார்கள். மண்வெட்டியைப் பற்றியும் யோசித்திருந்தார்கள். பிறகு என் சாட்சியத்துக்கு வந்தார்கள். எதிரியின் கூற்றை அவருடைய சொந்தச் சகோதரியே மறுத்திருக்கிறார், கூடப்பிறந்தவள் தம்பிக்குப் பாதகமாக ஏன் பொய் சொல்லப் போகிறாள், அவளை நேரில் பார்த்து நம்பியவர் விசாரணை நீதிபதி, அதில் நாங்கள் தலையிட ஒரு காரணமும் இல்லை என்று எழுதியிருந்தார்கள். எதிரி என்று அவர்கள் எழுதியது என் தம்பியை. மேன்முறையீடு தள்ளுபடியானது.

அடுத்த நாள் சிறைக்குப் போனேன். கம்பி வலைக்கு அந்தப் பக்கம் மெலிந்துபோய் நின்றான். "நான்தான் உன்னைக் கெடுத்தனான்," என்று சொல்லித் தேம்பினேன்.

"அழாதையுங்கோ அக்கா. நீங்கள் சொல்லி முடிச்ச உடனை, யாழ்ப்பாணத்திலை எனக்காக வாதாடின சட்டத்தரணி கூண்டடிக்கு வந்து கேட்டவர், அக்காவைத் திரும்ப விசாரிச்சு உண்மையை எடுக்கட்டோ எண்டு. நான்தான் வேண்டாம் எண்டனான்."

"ஏனடா?"

"பொய்ச்சாட்சி எண்டு உங்களையும் உள்ளுக்கை போட்டிருப்பாங்கள். பிறகு உங்கடை பிள்ளையளை ஆர் பாக்கிறது?"

நேரம் முடிந்தது என்று காவலர் கூப்பிட்டார். என் சின்னவளுக்குக் காய்ச்சல் விட்டுவிட்டதா என்று கேட்டுக்கொண்டே உள்ளே போனான். இவன் மனதில் கொலை எண்ணம் இருந்தது என்று இரண்டு நீதிமன்றங்கள் எழுதி வைத்திருக்கின்றன. எழுதக் கொடுத்தவள் நான்.