விலாசத்தில் எழுதிய பெயர்

மெற்றில்டா அப்போது ஏழு மாதக் கர்ப்பிணி, முதல் பிள்ளை. ஒரு சனிக்கிழமை மத்தியானம் ரூஜிலிருந்து கார் ஓட்டிக்கொண்டு ரெக்ஸ்டேலில் இருந்த தாய் வீட்டுக்கு வந்தவள், நூலகத்தில் எடுத்த தடித்த பெயர்ப் புத்தகம் ஒன்றையும் கொண்டுவந்திருந்தாள். தாய் இமெல்டா புட்டுக்கு மா குழைத்துக்கொண்டிருந்தாள்.

"அம்மா, லிசின். உங்கட பேர் என்ன பாஷை தெரியுமா?"

"அர்ச்சிஷ்டவள் ஒருத்தின்ர, ஒரு புனிதையின்ர பேர். வேற என்ன?"

"ஜெர்மன். இர்ம்ஹில்ட் எண்டதை இத்தாலிக்காரர் இமெல்டா ஆக்கிட்டினம். ஹில்ட் எண்டா சண்டை. நீங்கள் பெரிய சண்டைக்காரி!"

இமெல்டாவுக்குச் சிரிப்பு வந்தது. விமானங்களுக்குச் சாப்பாடு அனுப்பும் கொம்பனி ஒன்றில் இருபத்திரண்டு வருடம் தட்டு அடுக்கியவள் அவள். மேற்பார்வையாளரோடு ஒருநாள்கூடக் குரலை உயர்த்தியதில்லை. தன் தம்பி றிச்சர்ட்டின் பெயரைப் பார்க்கச் சொன்னாள். வலிமையான அரசன் என்றிருந்தது. செத்துப்போன சித்தப்பா அல்பிரட்டின் பெயருக்குக் குட்டித் தேவதைகளின் ஆலோசனை என்று போட்டிருந்தது.

"அந்த மனுசன் ஒருத்தற்றை ஆலோசனையும் கேட்டதில்லை" என்றாள் இமெல்டா.

"இப்ப என்ர பேர். இதிலையும் ஹில்ட் இருக்கு, பாருங்கோ. வலிமை, சண்டை. இங்கிலிஷிலை மோட் எண்டும் வருமாம். போத்துக்கீசிலை மஃபால்டா. ஜெர்மனியிலை மெக்தில்ட்."

இமெல்டாவின் கை மாவுக்குள் நின்றுவிட்டது.

"கடைசியாச் சொன்னதை எழுத்துக்கூட்டு, பிள்ளை."

மகள் ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னாள். சொல்லியிருக்கத் தேவையில்லை. அந்த எழுத்துகளை இமெல்டா தன் கையாலேயே பதினைந்து தடவைக்கு மேல் எழுதியிருக்கிறாள்.

அவளுடைய கணவர் பஸ்ரியன் கனடாவுக்கு வருமுன் ஐந்து வருடம் ஜெர்மனியில் அகதியாக இருந்தவர். அங்கே தனக்குச் சாப்பாடு போட்டுப் பார்த்த மெக்தில்ட் என்ற வயதான மனுசி ஒருத்தி இருந்தாள் என்று கலியாணமான புதிதிலேயே சொல்லியிருந்தார். ஒவ்வொரு மார்கழியிலும் நத்தாருக்கு அந்த மனுசியிடமிருந்து ஒரு வாழ்த்து மட்டை வரும். பதிலுக்கு இங்கிருந்து தேயிலையும் பனங்கட்டியும் போகும். பஸ்ரியனின் கையெழுத்துக் கோழி கிண்டியதுபோல இருக்கும் என்பதால் பார்சலில் விலாசம் எழுதுவது இமெல்டாவின் வேலை. ஒரு மாரியில், கிழவிக்குக் குளிருமே என்று இரண்டு காலுறைகூடப் பின்னி வைத்தாள். வயதான கால் வீங்கியிருக்கும் என்று சற்றுப் பெரிதாகவே பின்னினாள். மட்டைகள் பன்னிரண்டு வருடத்துக்கு முன் நின்றுபோயின. கிழவி மோட்சம் போயிருப்பாள் என்று இமெல்டா ஒரு பூசையும் ஒப்புக்கொடுத்தாள்.

மகள் பிறந்தபோது, தன் தாயின் பெயரான திரேசாவையே வைக்கவேண்டும் என்று அவளுக்கு ஆசை. போர்க்காலம்; அம்மா மன்னாரில் மருந்தில்லாமல் செத்து ஆறு மாதம்கூட ஆகியிருக்கவில்லை. பஸ்ரியன்தான் கெஞ்சினார். தன்னைத் தூக்கி வளர்த்த பெரியம்மாவின் பெயர் மெற்றில்டா, அவவின் முகம்தான் பிள்ளைக்கு என்றார். வளர்த்தவள் பெயரை எப்படி மறுப்பது? இமெல்டா விட்டுக்கொடுத்தாள்.

மகள் போனதும் கையைக் கழுவிக்கொண்டு, பிறம்ரனில் இருக்கும் பஸ்ரியனின் தங்கை வேரோனிக்காவுக்குத் தொலைபேசி எடுத்தாள்.

"மச்சாள், உங்கட மெற்றில்டா பெரியம்மா எப்ப செத்தவ?"



"ஏன் இப்ப கேக்கிறீங்கள்?"

"சொல்லுங்கோ."

"அப்பிடி ஒருத்தரும் எங்கட வீட்டிலை இல்லை, மச்சாள். கேட்டா ஒரு பெரியம்மா இருந்தவ எண்டு சொல்லச் சொல்லி அண்ணைதான் சொன்னவர். சின்ன விசயம்தானே எண்டு நாங்களும் விட்டிட்டம்."

நாங்களும் என்றாள். அப்படியென்றால் வேரோனிக்கா மட்டுமல்ல. ஞானஸ்நான விருந்துக்கு வந்து, பெரியம்மாவின் பெயர் வைத்தீர்களே என்று தன் கையைப் பிடித்துக்கொண்டவர்கள் எல்லோரையும் இமெல்டா ஒவ்வொருவராக நினைத்துப் பார்த்தாள்.

பஸ்ரியன் களஞ்சிய வேலை முடிந்து வந்து சப்பாத்தைக் கழற்றும்போதே கேட்டாள்.

"மெக்தில்டுக்கு என்ன வயசு?"

ஒரு சப்பாத்தோடு அப்படியே நின்றார்.

"ஆரு?"

"நான் காலுறை பின்னி அனுப்பின கிழவி."

அவர் சுவரைப் பிடித்துக்கொண்டு மற்றதையும் கழற்றினார். கழற்றி முடிய வெகுநேரம் எடுத்தது.

"என்னைவிட ரெண்டு வயசு குறைவு" என்றார். "எல்லாம் கலியாணத்துக்கு முந்தினது, இமெல்டா. மாதாவாணை, பிறகு ஒண்டுமில்லை. வெறும் மட்டைதான். நீர்தானே வாசிச்சனீர்."

"கலியாணத்துக்கு முந்தி ஆரை விரும்பினீங்கள் எண்டு நான் கேக்கேல்லை. முப்பது வருசமா என்ர பிள்ளையை ஆரின்ர பேர் சொல்லிக் கூப்பிட்டனான்? அதைச் சொல்லுங்கோ."

"அது... பேர்தானே."

"என்ர அம்மான்ரையும் பேர்தான்."

 அன்றைக்குக் குழைத்த மா அப்படியே குப்பைக்குப் போனது.

மகளிடம் சொல்வதில்லை என்றுதான் இமெல்டா இருந்தாள். ஆனால் அந்தப் பெயர் வாயில் வர மறுத்தது. 'பிள்ளை' என்றும் 'இஞ்சை பார்' என்றும் ஒப்பேற்றினாள். மூன்றாம் கிழமை மகளே கேட்டுவிட்டாள்.

"அம்மா, வாட்ஸ் கோயிங் ஒன்? ஏன் என்ர பேர் சொல்லிக் கூப்பிடுறீங்கள் இல்லை?"

சொன்னாள். மகள் கேட்டு முடித்து அழுதாள். பிறகு கோபப்பட்டாள். கோபம் தகப்பனில்தான், ஆனால் தாயிடமும் ஒன்று சொன்னாள்.

"இது என்ர பேர் அம்மா. நான் மாத்த மாட்டன். நீங்கள் அந்தப் பேரைச் சொல்லாமல் விட்டா எனக்கு என்ன மிச்சம்?"

அது நியாயம் என்று இமெல்டாவுக்குத் தெரிந்தது. தெரிந்தும் நாக்கு எழவில்லை.

சித்திரையில் ஆண்பிள்ளை பிறந்தது. மருமகன் நிசாந்தனும் மகளும் தாங்களே யோசித்து ஆரன் என்று பெயர் வைத்தார்கள். என்ன கருத்து என்று இமெல்டா கேட்கவில்லை. பத்தியம் சமைத்துக் கொடுக்கவென்று ஒரு சூட்கேசோடு ரூஜுக்குப் போனாள். நாற்பத்தொரு நாள் முடிந்தும் ரெக்ஸ்டேலுக்குத் திரும்பவில்லை. மாரி உடுப்புகளையும் றிச்சர்ட்டிடம் சொல்லி எடுப்பித்துக்கொண்டாள்.

ஞாயிறுகளில் பூசை முடிய பஸ்ரியன் வருவார். பேரனைத் தூக்கி வைத்திருப்பார். மகள் அவருக்குத் தேத்தண்ணி கொடுப்பாள், அதிகம் பேசமாட்டாள். போகும்போது வாசலில் நின்று ஒவ்வொரு முறையும் கேட்பார்.

"வீட்டை வாறீரோ?"

"நீங்கள் போங்கோ" என்பாள் இமெல்டா. "நான் இஞ்சை நிக்கிறன்."

அவர் கார் திருப்பும்வரை நின்று பார்க்காமல், பிள்ளையின் துணிகளை மடிக்க உள்ளே போய்விடுவாள்.