ஓடு, அம்மா வந்துட்டாங்க

பன்னிரண்டு வயதில் நான் ஒரு விளையாட்டை உலகத்துக்கு வெளியிட்டேன். கேட்பதற்குப் பெரிதாகத்தான் இருக்கிறது. விளையாடுகிற பிள்ளைகளே விளையாட்டுகளைச் செய்து போடுகிற இணையத்தளம் ஒன்று உண்டு. அதில் எண்ண முடியாத விளையாட்டுகளுக்கு நடுவே, யார் கண்ணிலும் படாத ஒரு மூலையில், என்னுடையதும் ஒன்று. அதை வெளியிட்டு முடிப்பதற்குள் நான் பட்ட பாட்டை இப்போது நினைத்தாலும் எரிச்சல் வருகிறது. அந்த எரிச்சலில் பாதி தளத்தின் மேல், கால்வாசி அண்ணன் மேல். மிச்சம் யார் மேல் என்று அன்றைக்குக் கேட்டிருந்தால், யோசிக்காமல் அம்மாவைக் கை காட்டியிருப்பேன்.

நாங்கள் டத்தோ கிராமாட்டில் ஒரு பிளாட்டின் ஒன்பதாவது மாடியில் இருந்தோம். அப்பாவுக்குத் தொழிற்சாலையில் இரவு ஷிஃப்ட். பகல் முழுக்கத் தூங்குவார், நாங்கள் பூனை மாதிரி நடக்க வேண்டும். சாயங்காலம் ஆறு மணிக்கு அவர் கிளம்பிப் போவார். அம்மாவுக்குக் கடலுக்கு அக்கரையில் பட்டர்வொர்த்தில் ஒரு கிளினிக்கில் வேலை. முன்மேசையில் உட்கார்ந்து நோயாளிகளின் நம்பரைக் கூப்பிட வேண்டும். ஃபெரி பிடித்து, பஸ் பிடித்து, லிஃப்ட் வேலை செய்கிற நாளாக இருந்தால் ஆறரைக்கு வீடு வந்து சேர்வார். ஆக, எங்களுக்கென்று இருந்தது ஆறிலிருந்து ஆறரை வரைதான். அந்த அரை மணி நேரத்தில் ஆட வேண்டிய ஆட்டமெல்லாம் ஆடிவிட்டு, நாள் முழுக்கச் செய்யாமல் விட்ட வீட்டு வேலைகளையும் செய்து முடித்திருக்க வேண்டும். முடித்ததே இல்லை.

என் விளையாட்டும் அதுதான். நீங்கள் ஒரு பிள்ளை. வீடு அலங்கோலமாகக் கிடக்கிறது. தட்டு கழுவ வேண்டும், காயப்போட்ட துணியை எடுக்க வேண்டும், சோறு ஆக்க அரிசி போட வேண்டும், டிவியை அணைத்து அதன் முதுகுச் சூடு ஆறுவதற்கு விசிறிவிட வேண்டும். அதற்குள் லிஃப்ட் மணி அடிக்கும். அம்மா வந்துவிடுவார். அறை அறையாகத் துரத்துவார். பிடித்துவிட்டால் ஒரு கத்து. நீங்கள் மறுபடியும் முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும். பெயர், 'ஓடு, அம்மா வந்துட்டாங்க'.

வீட்டைக் கட்டியது நான். அம்மாவைச் செய்ததும் நான்தான். கிளினிக்கின் ஊதா நிறச் சட்டை, தோளில் ஒரு பை, கையில் ஒரு பை. முகத்தில் புருவம் இரண்டு மட்டும் வைத்தேன், அதுவே போதுமாக இருந்தது. அதையெல்லாம் கணினியில் ஓடவைக்கிற நிரலை, கோடு என்போம், எழுதியது அண்ணன். அவனுக்குப் பதினாறு வயது. கோடு எழுதுகிற ஒரே காரணத்தால் விளையாட்டே தன்னுடையது என்று நினைத்துக்கொண்டான். அம்மா பறக்க வேண்டும் என்று ஒரே அடம்.

"அம்மா பறக்க மாட்டாங்க லா!"

"கேம்ல பறக்கலாம் லா. இல்லாட்டி யாரு பயப்படுவா?"

"பறக்காமலே எல்லாரும் பயப்படுவாங்க."

இதில் மூன்று நாள் போனது. பிறகு விளையாட்டு அம்மா வாசற்கதவில் மாட்டிக்கொண்டு நின்ற இடத்திலேயே நடந்துகொண்டிருந்தார். அதில் ஒரு நாள். கதவைச் சரிசெய்ததும் தரை வழியாக விழுந்து காணாமல் போனார். அதில் இரண்டு நாள். அண்ணன் அதைச் சரிசெய்யாமல் திரும்பத் திரும்ப ஓடவிட்டுப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தான்.

குரலுக்கு நாங்கள் எங்கும் அலைய வேண்டியிருக்கவில்லை. ஒரு சாயங்காலம் என் கைப்பேசியில் பதிவை ஓடவிட்டு, சோறு ஆக்கும் குக்கருக்குப் பின்னால் வைத்தேன். அம்மா உள்ளே நுழைந்த பத்து நிமிஷத்தில் விளையாட்டுக்கு வேண்டிய எல்லாமும் கிடைத்தது. "எத்தன தடவ சொல்றது?" "டவல கட்டில் மேல போடாதன்னு சொன்னனா இல்லியா?" எல்லாவற்றிலும் சிறந்தது, "நான் என்ன மெஷினா?" அதில் கடைசி எழுத்து அப்படியே மேலே ஏறி, உச்சியில் போய் உடையும். நானும் அண்ணனும் வாயைப் பொத்திக்கொண்டு அதைப் பதினைந்து முறை கேட்டோம்.

எல்லாம் தயார். வெளியிடு என்று பொத்தானை அழுத்தினால், பதின்மூன்று வயது ஆகாதவர்கள் பெற்றோரின் அனுமதி வாங்க வேண்டும் என்றது தளம். அப்பாவைப் பகலில் எழுப்ப முடியாது. அம்மாவின் மின்னஞ்சலைக் கொடுத்தேன். அவர் மீன் பொரித்துக்கொண்டிருந்தபோது, அந்த அஞ்சல் வந்திருந்த அவருடைய கைப்பேசியை முகத்துக்கு நேராக நீட்டினேன்.

"என்ன இது? ஸ்கூலா?"

"ஆமா மா. ப்ராஜெக்ட்."

விரலெல்லாம் மஞ்சளும் எண்ணெயும். மடக்கிய விரலின் முட்டியால் 'சம்மதம்' என்பதைத் தொட்டுவிட்டு, மீனைத் திருப்பிப் போட்டார். ஒரு வரி படிக்கவில்லை. படிக்காததில் எனக்கு அன்று மிகுந்த சந்தோஷம்.

அப்புறம் ஒரு நீளமான கேள்வித்தாள் வந்தது. விளையாட்டில் ரத்தம் உண்டா, சண்டை உண்டா, பயமுறுத்தும் உருவங்கள் உண்டா. அண்ணன் 'அடிக்கடி' என்பதை அழுத்தப் போனான். நான் கையைத் தட்டிவிட்டு 'எப்போதாவது' என்று போட்டேன். அதற்கும் அடுத்தபடியாக, நாங்கள் ஏற்றிய ஒலிகளைத் தளம் பரிசோதித்தது. லிஃப்ட் மணியை ஏற்றுக்கொண்டது. அம்மாவைத் திருப்பி அனுப்பியது. விதிகளுக்குப் பொருந்தவில்லையாம், எந்த விதி என்று சொல்லவில்லை. மறுபடி அனுப்பினோம், மறுபடி திரும்பி வந்தது. நான் அழாத குறை. மூன்றாம் முறை அண்ணன் ஒலியைப் பாதியாகக் குறைத்து அனுப்பினான். எங்கள் அம்மா பாதியானதும் உலகத்துக்குப் பொருத்தமாகிவிட்டார்.

இரண்டு நாள் ஒருவரும் வரவில்லை. விளையாடுவோர் எண்ணிக்கை ஒன்று என்று காட்டும். அந்த ஒன்று நான்தான். வெளியே வந்து பார்த்தால் சுழியம். அத்தை பிள்ளைகளுக்கு அனுப்பினேன். வகுப்புத் தோழிகளுக்கு அனுப்பினேன். எங்கள் பிளாட்டில் ஆறாவது மாடியில் இருந்த இரட்டைப் பையன்களுக்கு அண்ணன் காட்டினான். அந்த வார இறுதிக்குள் எனக்குத் தெரியாத பெயர்களெல்லாம் என் வீட்டுக் கூடத்தில் ஓடிக்கொண்டிருந்தன. கிள்ளானிலிருந்து ஒரு பெண், தன் அம்மாவும் இதேதான் என்று எழுதினாள். சிங்கப்பூரிலிருந்து ஒருவன், சிரித்துச் சிரித்து வயிறு வலிக்கிறது என்றான். எனக்குத் தலைகால் புரியவில்லை.

முதலில் அம்மாவுக்கு எதுவும் தெரியாது. லிஃப்டில் அந்த இரட்டைப் பையன்கள் தன்னைப் பார்த்ததும் சுவரோடு ஒட்டிக்கொண்டு குலுங்கிச் சிரித்தார்கள் என்று ஒருநாள் சொன்னார். தன் சட்டையில் ஏதாவது ஒட்டியிருக்கிறதா என்று திரும்பி நின்று என்னைப் பார்க்கச் சொன்னார். முதுகில் ஒன்றும் இல்லை என்றேன். அது உண்மைதானே.

இன்னொரு நாள் அவர் பாசாரிலிருந்து காய்கறியோடு வந்துகொண்டிருந்தார். கீழே சைக்கிள் ஓட்டிக்கொண்டிருந்த பிள்ளைகளில் ஒருத்தி, அம்மா கடந்து போனதும், "நான் என்ன மெஷினா?" என்று உரக்க இழுத்தாள். மற்ற எல்லாரும் ஓட்டம் பிடித்தார்கள். மேல்மாடி நடைபாதையிலிருந்து நான் பார்த்தேன். அம்மா நின்றார். திரும்பவில்லை. ஒரு பையை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றிக்கொண்டு மறுபடி நடந்தார்.

கடைசியில் விஷயத்தை உடைத்தது ஏழாவது மாடி ஆன்ட்டி. அவருக்கு எதையும் மனதில் வைத்துக்கொள்ள வராது. வாசலில் நின்றபடியே சொல்லிவிட்டார். "அக்கா, ஒங்க கொரலு எங்க வீட்டு கம்ப்யூட்டர்லேர்ந்து வருதுக்கா. எம் புள்ள ஒங்ககிட்டேர்ந்து ஓடிக்கிட்டே இருக்கான்."

ஆன்ட்டி போன பிறகு அம்மா எங்கள் அறைக்கு வந்தார். நான் எல்லாப் பதில்களையும் தயாராக வைத்திருந்தேன். அண்ணன்தான் செய்தான். நீங்கள்தானே சம்மதம் கொடுத்தீர்கள். எல்லார் வீட்டு அம்மாவும் இப்படித்தானாம், அவர்களே எழுதியிருக்கிறார்கள். ஒன்றுக்கும் வேலை வரவில்லை. அவர் அண்ணனின் நாற்காலியில் உட்கார்ந்து, "போட்டுக் காட்டு" என்றார்.

போட்டோம். விளையாட்டில் அம்மாதான் இப்போது பிள்ளை. எந்த விசையை அழுத்தினால் எங்கே போகும் என்று தெரியாமல் தட்டு கழுவும் இடத்திலேயே சுவரை முட்டிக்கொண்டு நின்றார். லிஃப்ட் மணி அடித்தது. ஊதாச் சட்டை உள்ளே வந்தது, பிடித்தது, கத்தியது. எங்கள் அறையில், பாதி ஒலியில், அம்மாவின் எதிரே அம்மாவின் குரல்.

"இன்னொரு தடவ" என்றார்.

மறுபடியும் பிடிபட்டார். மறுபடியும். ஏழெட்டு முறை தன்னிடம் தானே மாட்டிக்கொண்டார். ஒருமுறை அரிசி போடும் வரைக்கும் வந்துவிட்டார். அதற்குள் கதவு திறந்துவிட்டது. நான் அவர் முகத்தைப் பார்க்காமல் விசைப்பலகையையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"இவ ஏன் வந்ததுலேர்ந்து ஓடிக்கிட்டே இருக்கா?" என்று கேட்டார். "எங்கயும் ஒக்கார மாட்டாளா?"

"அதுக்கு கோடு எழுதல மா" என்றான் அண்ணன்.

அம்மா தலையை ஆட்டினார். எழுந்தார். "எடுத்துடவா மா?" என்று கேட்டேன், எடுக்கச் சொல்லிவிடுவாரோ என்ற பயத்தில்.

"எதுக்கு? இவ்ளோ பேரு வெளாடுறாங்கல்ல. நல்லாதான் செஞ்சிருக்க." சொல்லிவிட்டுச் சமையலறைக்குப் போய்விட்டார். தப்பித்தோம் என்று அண்ணனும் நானும் கையைத் தட்டிக்கொண்டோம்.

தொல்லை அதற்குப் பிறகுதான் ஆரம்பித்தது. விளையாடுகிறவர்களுக்கு ஒரே குரல் அலுத்துப்போனது. புதிதாக ஏதாவது போடு, அம்மா வேறு ஏதாவது சொல்லட்டும் என்று தினமும் எழுதினார்கள். வந்துகொண்டிருந்த கூட்டமும் மெல்லக் குறைந்தது. எனக்குப் புதிய கத்தல்கள் உடனடியாக வேண்டியிருந்தன. அம்மாவோ கத்துவதை நிறுத்திவிட்டார்.

ஒரேயடியாக. அறைக் கதவில் இரண்டு தட்டு தட்டிவிட்டு, "சாப்பாடு வெச்சிருக்கேன்" என்று சொல்லிவிட்டுப் போவார். நான்கு நாள் பதிவு செய்தேன். குழாய்த் தண்ணீர், பாத்திரம், செருப்புச் சத்தம், இவ்வளவுதான். நான் வேண்டுமென்றே தட்டைக் கழுவாமல் மேசையிலேயே விட்டேன். அவரே எடுத்துக் கழுவினார். பள்ளிச் சட்டையைத் தரையில் போட்டேன். குனிந்து எடுத்துத் துணிக் கூடையில் போட்டார். எனக்கு ஆத்திரம் தாங்கவில்லை. என் விளையாட்டைக் கெடுப்பதற்காகவே இப்படிச் செய்கிறார் என்று அண்ணனிடம் சொன்னேன். அவனும் அப்படித்தான் இருக்கும் என்றான். பறக்கவிட்டிருந்தால் இந்தப் பிரச்சினையே வந்திருக்காது என்றும் சேர்த்துக்கொண்டான்.

கடைசியாக ஒரு திட்டம் போட்டோம். ஈர டவலைக் கட்டில் மேல், அதுவும் அம்மாவின் தலையணை மேல், விரித்தோம். சாப்பிட்ட தட்டுகளை அங்கங்கே வைத்தோம். அரிசி போடவில்லை. கைப்பேசியை அலமாரியின் மேல் வைத்துப் பதிவை ஓடவிட்டுவிட்டு, அம்மா வருவதற்குள் இருவரும் கீழே இறங்கிப்போய்விட்டோம். எங்கள் முகத்தைப் பார்த்துத்தான் அடக்கிக்கொள்கிறார், ஆள் இல்லாவிட்டால் வாய்விட்டுக் கத்திவிடுவார் என்பது என் கணக்கு. முக்கால் மணி நேரம் பூப்பந்து அடிக்கிறவர்களை வேடிக்கை பார்த்தோம். திரும்பி வந்தபோது வீடு சுத்தமாக இருந்தது. குக்கரில் சோறு கொதித்துக்கொண்டிருந்தது.

அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு, ஆளுக்கொரு காதில் இயர்ஃபோனை மாட்டிக்கொண்டு கேட்டோம். சாவிச் சத்தம். பைகளைக் கீழே வைக்கும் சத்தம். பிறகு வெகுநேரம் ஒன்றுமே இல்லை. டவலைப் பார்த்துக்கொண்டு நின்றிருக்க வேண்டும். கட்டில் கிரீச்சிட்டது, உட்கார்ந்திருக்கிறார். அண்ணன் ஒலியைக் கூட்டினான்.

"பாப்பா, சாப்ட வா" என்றது அம்மாவின் குரல். சின்ன இடைவெளி. "பாப்பா... சாப்ட வாம்மா." முன்னதைவிடத் தாழ்வாக. தொண்டையைச் செருமிக்கொண்டார். அண்ணனை, "தம்பி, வாப்பா" என்று மூன்று முறை. ஒவ்வொரு முறையும் கொஞ்சம் கொஞ்சம் இறக்கி. பிறகு மறுபடியும் என்னை.

நாங்கள் இருவருமே அப்போது வீட்டில் இல்லை. அப்பா வேலைக்குப் போயிருந்தார். ஆளில்லாத வீட்டில் அவர் யாரிடம் பேசிக்கொண்டிருந்தார் என்று எனக்குக் கேட்கக்கூடத் தோன்றவில்லை.

"சவுண்டே இல்ல. யூஸ் ஆவாது" என்று அண்ணன் எழுந்துவிட்டான். எனக்கும் அப்படித்தான் பட்டது. பதிவை அழித்தேன்.

கதவில் இரண்டு தட்டு. "பாப்பா, சாப்ட வாம்மா."

நான் எழுந்திருக்கவில்லை. கொஞ்ச நேரம் கழித்து அம்மா கதவைத் திறந்து, அதே குரலில் இன்னொரு முறை கூப்பிட்டார். ஒரு வாரத்து எரிச்சல் முழுவதும் எனக்கு ஒன்றாக வந்தது.

"ஏன் மா இப்படிப் பேசுறீங்க?" என்றேன். "காதுலயே விழ மாட்டேங்குது."